காலம் பயின்றோர் கதை – 7: சோழிகளில் ஒரு கிரகணம்

காலத்தைத் தவிர வேறெதையும் கற்பிக்காத பல்கலைக்கழகம் ஒன்று உலகில் எங்கும் எழுந்ததில்லை. எழுந்திருந்தால் அதன் துறைகளில் யார் யாருக்கு இடம் இருந்திருக்கும் என்று கற்பனை செய்து, உரியவர்களை வரலாற்றிலிருந்து ஒவ்வொருவராக அழைத்து வருகிறோம். சென்ற பகுதியில் சமர்கந்து போனோம். உலூக் பேக் என்ற அரசர் 1420களில் கட்டிய வானாய்வகத்தையும், சுமார் 40 மீட்டர் ஆரம் கொண்ட அதன் பிரம்மாண்டமான கல் வளைவையும் பார்த்தோம். 1449இல் அவர் கொலையுண்டதும் அந்த ஆய்வகம் பாழடைந்தது. காப்பாற்ற அரசன் இல்லாதபோது கட்டடம் நிற்கவில்லை.

இந்தப் பகுதிக்குரிய துறைக்குக் கட்டடமே கிடையாது. கருவி கிடையாது, அரசனும் கிடையாது. அது நடந்த இடம் சோழமண்டலக் கரை. அதற்கு வேண்டியிருந்ததெல்லாம் கொஞ்சம் தரை, ஒரு கை சோழி, சிறு வயதிலேயே நெட்டுருப் போட்ட சில நூறு சொற்கள்.

1825ஆம் ஆண்டு. புதுச்சேரியில் ஜான் வாரன் என்ற முதியவர் பஞ்சாங்கம் கணிக்கும் தமிழர் ஒருவரை அழைத்து உட்காரவைக்கிறார். அவ்வாண்டு மே 31 இரவு தொடங்கி ஜூன் 1இல் முடியும் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டும்படி கேட்கிறார். வந்தவர் தாள் எடுக்கவில்லை, எழுத்தாணியும் எடுக்கவில்லை. தரையில் சோழிகளை வரிசை வரிசையாக வைத்தார், கூட்டினார், கழித்தார், சிலவற்றை எடுத்தார், சிலவற்றை நகர்த்தினார். வேண்டிய அட்டவணை எண்களெல்லாம் அவர் நினைவில் சொற்களாக இருந்தன. கிரகணம் எப்போது பிடிக்கும், எப்போது நடுவில் இருக்கும், எப்போது விடும் என்று சொன்னார். வாரன் அனைத்தையும் குறித்துக்கொண்டு, அதே ஆண்டு சென்னையில் அச்சான தம் ‘கால சங்கலித’ நூலில் சேர்த்தார். கணித்தவரின் பெயரை அந்நூல் ஆங்கில எழுத்தில் ‘சாமி நாடென் சஷையா’ என்பதுபோல் பதிந்திருக்கிறது. அதற்குள்ளிருந்து ஒரு சாமிநாதனை எடுத்துக்கொள்வதில் நமக்குச் சிரமம் இல்லை. இனி அவரைச் சாமிநாதன் என்றே அழைப்போம்.

வாரன் எழுதியது 127 ஆண்டுகள் கழித்து மீண்டும் பேசப்பட்டது. பழங்காலக் கணித வானியலில் 20ஆம் நூற்றாண்டின் பெரும் அறிஞர் ஆட்டோ நியூகெபவர், 1952இல் தமிழர் வானியல் பற்றிக் கட்டுரை எழுதியபோது சாமிநாதனின் கணக்கைச் சரிபார்த்தார். கிரகணத் தொடக்கத்தில் 4 நிமிடப் பிழை. நடுப்பகுதியில் 23 நிமிடம். முடிவில் 52 நிமிடம். பெருமை பேசும் மேடைகளில் இந்த 4 நிமிடம் மட்டும் ஒலிக்கிறது. மற்ற இரண்டையும் விட்டுவிடுவது சாமிநாதனுக்குச் செய்யும் மரியாதை ஆகாது. 52 நிமிடம் சிறிய பிழை இல்லை. ஆனால் நியூகெபவர் வியந்தது வேறொன்றைப் பார்த்து. அதைப் புரிந்துகொள்ள சோழிகளுக்குள் கொஞ்சம் இறங்கத்தான் வேண்டும்.

நிலா ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. ஒரு நாளில் சுமார் 12 பாகை முதல் 15 பாகை வரை நகரும். மிக மெதுவாகப் போகும் நிலையிலிருந்து மீண்டும் அதே நிலைக்கு வர ஏறத்தாழ இருபத்தேழரை நாள் ஆகிறது. துல்லியமாகச் சொன்னால் 27.5546 நாள். முழு எண்ணாக இல்லாததால் இதை வைத்துக்கொண்டு அட்டவணை போட முடியாது. ஆனால் இப்படி 9 சுற்றுகளைச் சேர்த்தால் 248 நாள் வருகிறது, கிட்டத்தட்டச் சரியாக. ஆகவே 248 நாளுக்கு, நாளுக்கு ஒன்றாக நிலாவின் இடத்தைக் கணித்து வைத்துவிட்டால் போதும். 249ஆம் நாளில் கதை மறுபடி முதலிலிருந்து தொடங்கும். தொடங்கும் இடம் மட்டும் 27 பாகை 44 கலை தள்ளியிருக்கும். அந்த அளவைக் கூட்டிக்கொண்டால் அதே பட்டியல் அடுத்த 248 நாளுக்கும் உதவும்.

‘கிட்டத்தட்டச் சரி’ என்றேன். ஒவ்வொரு 248 நாளுக்கும் சுமார் 13 நிமிடம் பிசகும். சில ஆண்டுகளில் அது சேர்ந்து பெருகிவிடும். அதற்கும் வழி கண்டிருந்தார்கள். 248ஐ 11 முறை அடுக்கி, அதனோடு 303 நாளைச் சேர்த்தால் 3031 நாள். இதில் நிலாவின் 110 சுற்றுகள் அடங்கும், பிசகு ஒரு நிமிடத்துக்கும் குறைவு. எட்டு ஆண்டுக்கும் மேலான காலத்தில் ஒரு நிமிடம்கூட இல்லை! நான்கு 3031களோடு ஒரு 248ஐச் சேர்த்தால் 12372 நாள், 449 சுற்று. கலியுகம் தொடங்கியதிலிருந்து இன்றுவரை கழிந்த நாள் எத்தனை என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும். 1825இல் அது சுமார் 18 லட்சம். அதிலிருந்து நூல் சொல்லும் ஒரு நிலையான எண்ணைக் கழித்து, மீதியை 12372ஆல், பிறகு 3031ஆல், பிறகு 248ஆல் வகுத்துக்கொண்டே போனால் கடைசியில் 248க்குக் குறைவான ஓர் எண் கையில் நிற்கும். பட்டியலில் அந்த எண்ணுக்குரிய வாக்கியத்தை நினைவுக்குக் கொண்டுவந்தால் நிலா இருக்கும் ராசி, பாகை, கலை மூன்றும் கிடைத்துவிடும். வகுக்கும்போது வந்த ஈவுகளுக்கு உரிய திருத்தங்களைக் கூட்டினால் வேலை முடிந்தது.

‘வாக்கியம்’ என்பது வெறும் பெயரில்லை. 248 எண்களும் உண்மையிலேயே 248 சிறு சொற்றொடர்களாக இருந்தன. வடமொழி எழுத்துகளுக்கு எண் மதிப்பு கொடுக்கும் கடபயாதி முறையில் க என்றால் 1, ம என்றால் 5, ல என்றால் 3. கமலம் என்று சொன்னால் வலமிருந்து இடமாகப் படித்து 351 என்று அறிந்துகொள்ளலாம். இப்படிப் பொருளும் ஓசையும் உள்ள சொற்களாக எண்களைக் கட்டிவைத்ததால், பத்து வயதுப் பிள்ளைகூட முழு அட்டவணையையும் தலைக்குள் தூக்கிக்கொண்டு நடக்க முடிந்தது. ஏடு கரையான் தின்றாலும், வெள்ளம் கொண்டுபோனாலும், போரில் ஊரே எரிந்தாலும் ஒப்பிக்கத் தெரிந்த ஒருவர் உயிரோடு இருந்தால் அட்டவணை பிழைத்தது. வரருசி என்பவர் இயற்றினார் என்று மரபு சொல்லும் இந்த வாக்கியங்கள் தமிழகத்திலும் கேரளத்திலும் நூற்றாண்டுகளாக வாய்வழி வந்தன.

நியூகெபவரை வியக்கவைத்தது இந்த 248தான். கிறிஸ்துவுக்கு முந்தைய கடைசி நூற்றாண்டுகளில் பாபிலோனில் களிமண் பலகைகளில் எழுதிய நிலாக் கணக்குகளில் 248 நாள் சுற்று இருக்கிறது. எகிப்தில் கிடைத்த கிரேக்கப் பாப்பிரஸ் ஏடுகளில் 248உம் 3031உம் சேர்ந்து வருகின்றன. ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரர் தொகுத்த ‘பஞ்சசித்தாந்திகா’விலும் அவை உண்டு. பாபிலோனில் அந்தப் பலகைகளைப் படிக்கத் தெரிந்தவர்கள் மறைந்து, ஆப்பெழுத்தையே உலகம் மறந்துவிட்டிருந்தது. 1825இல் ஐரோப்பாவில் ஒருவராலும் அவற்றை வாசிக்க முடியாது. அதே ஆண்டில் புதுச்சேரியில் ஒரு மனிதர் தரையில் குந்தி அதே கணக்கைச் சோழிகளால் போட்டுக்கொண்டிருந்தார், பிழைப்புக்காக, அன்றாட வேலையாக. ஈராயிரம் ஆண்டுக்கும் மேற்பட்ட ஒரு பாடம் இடையறாமல் கைமாறி வந்திருக்கிறது. சாமிநாதனின் 4 நிமிடத்தைவிடப் பெரிய செய்தி இதுவென்றே நான் நினைக்கிறேன். கடன் வாங்கியதால் பெருமை குறைந்துவிடுமோ என்று அஞ்சுபவர்கள், வாங்கியதை இவ்வளவு காலம் வேறு யார் காப்பாற்றினார்கள் என்று கேட்டுப்பார்க்கலாம்.

காப்பாற்றியதோடு நிற்கவில்லை, திருத்தவும் செய்தார்கள். கேரளத்தில் ஹரிதத்தர் 683இல் பரகித முறையை நிறுவி, பழைய கணக்குகளை வானத்தோடு பொருத்தினார். 13ஆம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டித் தமிழகத்தில் ‘வாக்கிய கரணம்’ எழுதப்பட்டது. இன்றைய வாக்கியப் பஞ்சாங்கத்துக்கு அதுதான் வேர். ஆசிரியர் தம் பெயரைச் சொல்லாமல் போய்விட்டார். சங்கமகிராமத்து மாதவர் 14ஆம் நூற்றாண்டில் அதே 248 வாக்கியங்களை எடுத்து, கலையோடு நின்றிருந்த கணக்கை விகலை வரை துல்லியமாக்கிப் புதிதாகக் கட்டினார். வடசேரிப் பரமேசுவரர் 55 ஆண்டுகள் கிரகணங்களைக் கண்ணால் பார்த்துக் குறித்து, கணக்கு வானத்தோடு ஒட்டவில்லை என்று கண்டு, 1431இல் ‘திருக்கணித’ முறையைத் தந்தார். 1500ஐ ஒட்டி வாக்கிய கரணத்துக்கு உரை எழுதிய தமிழகத்துச் சுந்தரராஜர், தமக்கு எழுந்த ஐயங்களைக் கேரளத்தின் நீலகண்ட சோமயாஜிக்கு அனுப்பினார். அவர் அளித்த விடைகள் தனி நூலாகவே இருந்தன என்று தெரிகிறது, நூல் கிடைக்கவில்லை. மலைத்தொடருக்கு இருபுறமும் கேள்வியும் பதிலும் போய்வந்த அந்த உறவைப் பல்கலைக்கழகம் என்று சொல்ல எனக்குத் தயக்கமே இல்லை.

வாரனுக்கு முன்பே ஓர் ஐரோப்பியர் இதை வந்து பார்த்திருந்தார். அவர் கியோம் லெ ஜென்தீ. வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைப் புதுச்சேரியிலிருந்து அளக்கும்படி பிரெஞ்சு அறிவியல் கழகம் 1760இல் அவரை அனுப்பியது. வரும் வழியிலேயே ஊர் ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. 1761 ஜூன் 6 அன்று கடலில், ஆடும் கப்பலின் தளத்திலிருந்து வெள்ளியைப் பார்த்தார், அளக்க முடியவில்லை. அடுத்த கடப்பு 1769இல். ஊர் திரும்பாமல் எட்டு ஆண்டு இந்தப் பக்கக் கடல்களிலேயே காத்திருந்து, 1768 மார்ச்சில் புதுச்சேரி சேர்ந்தார். 1769 ஜூன் 4 காலை, கடப்பு நடக்கும் நேரத்தில் மேகம் மூடியது. 1771இல் பிரான்ஸ் திரும்பியபோது அவர் இறந்துவிட்டதாக முடிவுகட்டி உறவினர்கள் சொத்தைப் பங்கிடும் ஏற்பாட்டில் இருந்தார்கள்.

இந்தச் சோகக் கதையைப் பலரும் எழுதியிருக்கிறார்கள். வெள்ளிக்காகக் காத்திருந்த மாதங்களில் அவர் தமிழரிடம் மாணவராக உட்கார்ந்ததைத்தான் அதிகம் பேர் எழுதவில்லை. சோழி வைத்துக் கிரகணம் கணிப்பதைப் படிப்படியாகக் கற்று, பிரான்ஸ் திரும்பியபின் வெளியிட்ட பயண நூலில் விரிவாகப் பதிந்தார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்தை எடுத்து ஒப்பிட்டார். கிரகணம் நீடித்த நேரத்தைத் தமிழர் கணக்கு 41 விநாடி குறைத்துச் சொன்னது. ஐரோப்பாவில் அன்று மிகச் சிறந்ததாக மதிக்கப்பட்ட டோபியாஸ் மேயரின் நிலா அட்டவணை 68 விநாடி கூட்டிச் சொன்னது. மேயர் அட்டவணைக்காகப் பிரிட்டிஷ் பாராளுமன்றம் அவருடைய விதவைக்கு 3000 பவுண்டு வழங்கியதும் அதே 1765ஆம் ஆண்டில்தான். லெ ஜென்தீ இதை மறைக்காமல் எழுதினார். அவர் கொண்டுபோன குறிப்புகளை வைத்து ழான் சில்வென் பெய்யீ 1787இல் இந்திய வானியல் பற்றித் தனி நூலே வெளியிட்டார். பெய்யீ கலியுகத் தொடக்கத்தை உண்மையில் பார்த்துக் குறித்த நாள் என்று நம்பி எல்லை மீறினார், அதை இன்று யாரும் ஏற்பதில்லை.

இனி நுங்கம்பாக்கம். 1786இல் வில்லியம் பெட்ரி எழும்பூரில் சொந்தச் செலவில் தொடங்கிய வானாய்வகத்தைக் கம்பெனி ஏற்று, 1792இல் நுங்கம்பாக்கத்தில் புதுக் கட்டடம் எழுப்பியது. மைக்கேல் டாப்பிங் வடிவமைத்தார். 15 அடி உயரமும் சுமார் 10 டன் எடையும் கொண்ட கருங்கல் தூண் ஒன்று நட்டு, அதன்மேல் கருவியைப் பொருத்தினார்கள். தூணில் தமிழிலும் எழுத்துண்டு. இன்றும் வானிலை மைய வளாகத்தில் அது நிற்கிறது. ஆசியாவில் கணித அறிவியல் பிரிட்டிஷாரின் தாராளத்தால் முதன்முதல் ஊன்றப்பட்ட காலத்தை ஆயிரம் ஆண்டுக்குப் பின் வருவோர் அறிய வேண்டும் என்பது ஆய்வகத்தார் எழுதிவைத்த கருத்து. அந்தத் தூணுக்கு மூன்று நூற்றாண்டு முன்பு சுந்தரராஜரும் நீலகண்டரும் கேள்வி பதில் எழுதிக்கொண்டிருந்தார்கள் என்பதை நினைக்கும்போது எனக்கு மனம் ஆறவில்லை.

1805 முதல் 1811 வரை அந்த ஆய்வகத்தின் பொறுப்பில் இருந்தவர்தான் நம் ஜான் வாரன். பிரெஞ்சுக் குடும்பத்தில் பிறந்து பிரிட்டிஷ் படையில் சேர்ந்தவர். கோலார்ப் பக்கம் மண்ணில் தங்கம் இருப்பதை 1802இல் எழுதிவைத்தவரும் இவரே. நுங்கம்பாக்கத்தில் ஊசல் கடிகாரத்தோடும் தொலைநோக்கியோடும் ஆண்டுக்கணக்கில் வாழ்ந்த ஒருவர், பிறகு சோழியின் முன்னால் உட்கார்ந்து ஒவ்வோர் அடியையும் எழுதி எடுத்திருக்கிறார். தென்னிந்தியாவில் வழங்கிய சூரிய மாதம், சந்திர மாதம், அறுபது ஆண்டுச் சுற்று, இஸ்லாமியர் ஆண்டு எல்லாவற்றுக்கும் அவர் நூலில் விளக்கமும் அட்டவணையும் உண்டு. அந்த உழைப்பை நன்றியோடு சொல்லும் அதே வேளையில் அவர் தீர்ப்பு ஒன்றை மறுக்க வேண்டியிருக்கிறது. கணித்தவருக்கு நினைவாற்றல் அபாரம், ஆனால் இந்து வானியலின் கோட்பாடு ஒரு சொல்லும் தெரியாது என்று எழுதினார். சாமிநாதன் அளவில் அது உண்மையாக இருக்கலாம். அந்தக் கணக்குக்குள் இருந்த அறிவைப் பற்றி அது எதுவும் சொல்லவில்லை.

ஏனென்றால் வாக்கியக் கணக்கின் பிழையே அதைக் கட்டியவர்களின் அறிவைக் காட்டிக்கொடுக்கிறது. நிலாவின் ஓட்டத்தில் ஒரு பெரிய ஏற்ற இறக்கம் உண்டு. அதற்கு மேல் சூரியனின் இழுப்பால் வரும் இரண்டாவது அசைவு ஒன்றும் உண்டு. அமாவாசையிலும் பௌர்ணமியிலும் இந்த இரண்டாவது, முதலாவதைச் சுமார் 5 பாகை அளவுக்குக் குறைத்துவிடுகிறது. அஷ்டமியை ஒட்டி அது எதிர்ப்பக்கம் சேர்ந்து ஏழு பாகைக்கும் மேல் கொண்டுபோகிறது. நம் பழைய நூல்கள் எடுத்துக்கொண்ட அளவு அந்த 5 பாகை. கிரகணம் பௌர்ணமியிலும் அமாவாசையிலும்தான் நிகழும். அதாவது கிரகணங்களைப் பார்த்துப் பார்த்தே இந்த எண்ணைச் செதுக்கியிருக்கிறார்கள், கிரகணத்தில்தான் அது நன்றாகப் பலிக்கிறது. பிறை வளரும் நடுநாட்களில் நிலா இரண்டு பாகைக்கு மேல் தள்ளி நிற்க, திதியின் முடிவு சில மணி நேரம் மாறிவிடுகிறது. பெரிய நாட்கள் எல்லாம் சரியாக வந்ததால் நடுவில் உள்ள பிசகை யாரும் உறுத்தலாக உணரவில்லை.

உறுத்தலை உணர்ந்த ஒருவர் நுங்கம்பாக்கத்திலேயே இருந்தார். சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்து, இளவயதிலேயே ஆய்வகத்தில் சேர்ந்து, நார்மன் போக்சனின் கீழ் முதல் உதவியாளராக உயர்ந்தவர். 1867இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டறிந்தார். லண்டன் ராயல் வானியல் சங்கம் 1872இல் அவரை உறுப்பினராக ஏற்றது. பரமேசுவரர் 55 ஆண்டுகள் வெறுங்கண்ணால் செய்ததை இவர் தொலைநோக்கியால் செய்தார், வந்த முடிவும் ஒன்றே: கணக்கை வானத்தோடு பொருத்தியாக வேண்டும். 1869 முதல் திருத்திய கணக்கில் திருக்கணிதப் பஞ்சாங்கம் வெளியிடத் தொடங்கினார். 1874 டிசம்பரில் வெள்ளி சூரியனைக் கடந்தது. 1769இல் மேகத்துக்குப் பின்னால் நடந்து லெ ஜென்தீயின் கையை விட்டுப்போனதற்கு அடுத்த கடப்பு அதுதான். அதைப் பொதுமக்களுக்கு விளக்கச் சிறு நூல் எழுதி, ஆங்கிலத்தோடு இந்திய மொழிகளிலும் அச்சிட்டார். பாரிசிலிருந்து ஒருவர் கப்பலேறி வந்து தேடிய கோளை, சோழி வைத்துக் கணித்த மரபின் பிள்ளை ஒருவர் தம் மக்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். இந்தத் தொடருக்காகப் படித்தவற்றில் என்னை மிகவும் நெகிழவைத்த மனிதர் இவர்.

1880 பிப்ரவரி 5இல் ரகுநாதாச்சாரி இறந்தார். வாக்கியக்காரர்களுக்கும் திருக்கணிதக்காரர்களுக்கும் இடையே வாதம் அவருக்குப் பிறகு வளர்ந்தது, ஓயவில்லை. வாக்கியத்தை விடாதவர்களுக்கும் காரணம் இருந்தது: முன்னோர் விரதமிருந்த நாளில்தான் நாமும் இருக்க வேண்டும் என்பது அவர்கள் நிலை. அதை ஏளனம் செய்வது எளிது. ஆனால் ஹரிதத்தரும் மாதவரும் பரமேசுவரரும் அந்த முன்னோர்களின் வரிசையில்தான் இருக்கிறார்கள். திருத்துவதும் அவர்கள் விட்டுச்சென்ற மரபின் ஒரு பகுதி. இன்று தமிழ்நாட்டுக் கோயில்கள் பலவும் வாக்கியத்தைப் பின்பற்றுகின்றன, பல வீடுகளில் திருக்கணிதப் பஞ்சாங்கம் தொங்குகிறது. 2023இல் சனி மகரத்திலிருந்து கும்பத்துக்குப் போன நாள் திருக்கணிதப்படி ஜனவரி 17, வாக்கியப்படி டிசம்பர் 20. திருநள்ளாற்றில் விழா நடந்தது டிசம்பர் 20இல். நிலாவுக்குச் சில மணி நேரமாக இருந்த வேறுபாடு, மெல்ல நகரும் சனிக்கு 11 மாதமாகிவிட்டது.

அடுத்த பகுதியில், இதே நுங்கம்பாக்கத்துக் கடிகாரம் காட்டிய நேரம் ‘சென்னை நேரம்’ என்ற பெயரில் இந்திய ரயில்களை எல்லாம் ஓட்டியதையும், 1906 ஜனவரி 1 அன்று அதன் இடத்தில் இந்தியத் திட்ட நேரம் வந்ததையும் பார்ப்போம்.

(தொடரும்)